ராணி அக்காவின் முடி: அறுபத்தெட்டு மைக்ரான்

மைக்ராஸ்கோப்பைப் புளி போட்டுத் தேய்த்த ஆட்கள் தமிழ்நாட்டில் எத்தனை பேர் இருப்பார்களோ தெரியாது. நான் ஒருத்தி. இதில் மறைக்க ஒன்றுமில்லை. தேய்த்தேன், நன்றாக அழுத்தித் தேய்த்தேன், பித்தளைக் குழாய் குத்துவிளக்கு மாதிரி பளபளவென்று வந்தது. அதற்குப் பிறகு நடந்ததைத்தான் என் வீட்டில் இத்தனை வருஷமாகச் சொல்லிச் சொல்லிச் சிரிக்கிறார்கள். எனக்கும் அதில் கொஞ்சம் பெருமை உண்டு, கடைசிவரை படித்தால் ஏன் என்று தெரியும்.

தொண்ணூறுகளின் நடுவில், செங்கல்பட்டில் விலங்கியல் பட்டம் வாங்கிய கையோடு, மாமல்லபுரத்துக்குத் தெற்கே கடலோரத்தில் ஒரு இறால் குஞ்சுப் பொரிப்பகத்தில் எனக்கு வேலை கிடைத்தது. எங்கள் குடும்பத்தில் முதல் பட்டதாரி நான்தான். தாத்தா காலம்வரை அடுத்தவர் வயலில் நாற்று நட்டவர்கள் நாங்கள். அப்பாதான் முதன்முதலாக மறைமலைநகரில் கார் உதிரி பாகம் செய்கிற ஒரு கம்பெனியில் சேர்ந்து, கம்பெனி பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்தவர். இரும்பில் போட்ட துளை சரியான அளவில் இருக்கிறதா என்று பார்ப்பது அவர் வேலை. நான் வேலையில் சேர்ந்த அன்று, "நீ எத்தனாம் பங்கு வரைக்கும் அளப்ப?" என்று கேட்டார். மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு, அதற்குப் பெயர் மைக்ரான் என்றேன். மறுநாள் கம்பெனி பஸ் முழுக்கச் செய்தி பரவிவிட்டது: இவர் நூறில் ஒரு பங்கு அளக்கிறாராம், இவர் பெண் ஆயிரத்தில் ஒரு பங்கு அளக்கிறாளாம்.

எனக்கும் தலைக்கு ஏறித்தான் இருந்தது. வெள்ளைக் கோட்டைக் கழற்றாமலே பஸ் ஏறுவேன். (கழற்றி மடித்துப் பையில் வைத்தால் யாருக்குத் தெரியும்?) ஒருநாள் திருக்கழுக்குன்றத்தில் ஏறிய ஒரு பெரியவர் என்னைப் பார்த்ததும் சட்டையைத் தூக்கி முதுகுக் கட்டியைக் காட்டினார். நானும் கூச்சப்படாமல் பார்த்தேன்.

இனி மைக்ராஸ்கோப்புக்கு வருகிறேன். முதலாளி எங்கோ ஏலத்தில் எடுத்த பழைய சாமான் அது. ஒற்றைக் கண்ணால் பார்க்க வேண்டும். அதன் பித்தளைக் குழாய் உண்மையில் இரண்டு குழாய்கள். உள்ளே இருப்பதை ரேடியோ ஏரியல் மாதிரி மேலே இழுக்கலாம், கீழே தள்ளலாம். மேலே கண்ணை வைக்கிற வில்லைக்குள் வரிசையாக நூறு கோடுகள் தெரியும். குஞ்சைக் கண்ணாடித் துண்டில் வைத்து, அது எத்தனை கோடு நீளம் என்று எண்ண வேண்டும்.

ஆனால் அந்தக் கோடுகளுக்கு அவற்றுக்கென்று ஒரு அளவு கிடையாது. பூக்காரம்மா போடுகிற முழம் மாதிரிதான். யாருடைய கை என்று தெரிந்தால்தான் முழம் எவ்வளவு என்று சொல்ல முடியும். அதற்காகவே ஒரு கண்ணாடி ஸ்கேல் உண்டு. சின்னக் கண்ணாடித் துண்டில் ஒரே ஒரு மில்லிமீட்டரை நூறாகப் பிரித்துக் கோடு கிழித்திருப்பார்கள். அதை மைக்ராஸ்கோப்பின் அடியில் வைத்து, உள்ளே தெரிகிற கோடுகளோடு பொருத்திப் பார்த்தால், நம்முடைய ஒரு கோடு எத்தனை மைக்ரான் என்று கிடைத்துவிடும். எங்கள் முதலாளி அந்த ஸ்கேலைப் பட்டுத் துணியில் சுற்றி, இரும்பு பீரோவில், அவர் மனைவியின் நகைக்குப் பக்கத்தில் வைத்திருந்தார். நான் சேர்ந்த வாரம் ஒருமுறை வெளியே எடுத்தார். பக்கத்திலேயே நின்றார். நான் அளவைக் குறித்ததும் வாங்கி மறுபடி பூட்டினார். கொடுத்ததைவிடப் பூட்டியது வேகமாக இருந்தது.

அளவு கையில் வந்ததும் நான் முதலில் அளந்தது குஞ்சை இல்லை. முடியை. பாசி அறையைப் பார்த்துக்கொண்டிருந்த ராணி அக்காவின் முடியை.

பாசி அறை என்றால், குஞ்சுகளுக்குத் தின்னக் கொடுக்கிற பாசியைக் கண்ணாடி ஜாடிகளில் வளர்க்கிற அறை. ராணி அக்காவும் அவருக்குக் கீழே இரண்டு பெண்களும் அதை நடத்தினார்கள். ராணி அக்காவுக்கு என்னைவிடப் பத்து வயது கூட இருக்கும். கிண்டல் இல்லாமல் ஒரு வாக்கியம் பேசமாட்டார். என் வெள்ளைக் கோட்டைப் பார்த்த நாளிலிருந்து நான் அவருக்கு 'டாக்டரு'. ஒரு முடியைப் பிடுங்கித் தரச் சொல்லி, கண்ணாடித் துண்டில் ஒட்டி, அளந்து, "அறுபத்தெட்டு மைக்ரான் அக்கா" என்று சொன்னேன்.

"ஒத்த முடிக்கு இம்மாங் கணக்கா? எங்க வூட்டுக்காரு என்னையே ஒரு தபா நிமிந்து பாத்ததில்ல. நீ என் முடிய அளந்துகினு கீற," என்றார்.

அந்தக் கண்ணாடித் துண்டில் 'ராணி – 68' என்று சீட்டு ஒட்டிக் கொடுத்தேன். அதைப் பாசி அறையில் சாமி படத்துக்குப் பக்கத்தில் சாய்த்து வைத்துக்கொண்டார். பிறகு வாட்ச்மேன் முதல் டிரைவர்வரை எல்லோரும் முடியோடு வந்து வரிசையில் நின்றார்கள். முதலாளி மட்டும் வரவில்லை. (அவருக்குத் தானம் செய்யத் தலையில் அதிகம் இல்லை.)

இப்படி இருக்கும்போது ஆயுத பூஜை வந்தது. எங்கள் வீடு ஞாயிற்றுக்கிழமை சர்ச்சுக்குப் போகிற வீடு, என் பெயர் ஸ்டெல்லா. ஸ்டெல்லா ஒதுங்கி நின்றாள் என்று யாரும் சொல்லிவிடக் கூடாதே என்பதற்காக, அன்றைக்கு மற்ற எல்லோரையும்விட நான் அதிகமாக வேலை செய்தேன். மோட்டார் ரூம் ஆட்கள் மோட்டாரைத் துடைத்தால், நான் மைக்ராஸ்கோப்பைக் கழற்றித் துடைத்தேன். துடைத்தது போதாது என்று தோன்றியது. சமையலறையிலிருந்து புளி வாங்கி வந்தேன். உள் குழாயை முழுக்க மேலே இழுத்துத் தேய்த்தேன். நல்லவேளை, வில்லைகளைக் கழற்றி வைத்திருந்தேன். அந்த மட்டில் படிப்பு உதவியது.

மறுபடி மாட்டி மேஜைமேல் வைத்தபோது, ராணி அக்கா சந்தனக் கிண்ணத்தோடு வந்தார். மேலே இழுத்துவிட்டிருந்த உள் குழாயில், சரியாக நடுவில், பெரிய சந்தனப் பொட்டு வைத்து அதன் மேல் குங்குமமும் வைத்தார். "வேலை செய்யற சாமான். நல்லா இருக்கணும். அழிச்சுடாத," என்றார்.

குழாயைப் பழைய இடத்துக்குக் கீழே தள்ளினால் பொட்டு அழியும். அக்கா ஆசையாக வைத்த பொட்டு. அதிலும் நான் அழித்தால், 'பாத்தியா, வேதக்காரப் பொண்ணு பொட்டை அழிச்சிட்டா' என்று ஒரு பேச்சு வரும். விட்டுவிட்டேன். மூன்று விரல் உயரம் குழாய் மேலே நின்றால் என்ன குடி முழுகிவிடும்? மறுநாள் பார்த்தேன், எல்லாம் தெளிவாகத் தெரிந்தது. முன்பைவிடப் பெரிதாகக்கூடத் தெரிந்தது. புளியின் மகிமை என்று நினைத்துக்கொண்டேன்.

குழாயை இழுத்தால் உருவம் பெரிதாகும், கண்ணாடி ஸ்கேலை வைத்து மறுபடி அளவெடுக்க வேண்டும் என்பது பாடப் புத்தகத்தில் இருந்தது. நான் அந்தப் பாடத்தைச் சாய்ஸில் விட்டிருந்தேன்.

அதே வாரம் சென்னையிலிருந்து ஒரு தீவன விற்பனையாளர் வந்தார். டை கட்டியிருந்தார், கடற்காற்று அதைத் தோளுக்குப் பின்னால் தள்ளிக்கொண்டே இருந்தது. அவர் கொண்டுவந்தது பாக்கெட் தீவனம். இதைப் போட்டால் பாசியே வேண்டாம், அறையை மூடிவிடலாம் என்றார். முதலாளி சோதித்துப் பார்க்கலாம் என்றார். மற்ற தொட்டிகளையெல்லாம் கழுவிக் காயப்போட்டிருந்த நேரம் அது. நான்காம் தொட்டியில் மட்டும் புதுக் குஞ்சு விட்டு, பாக்கெட் தீவனம் போட்டோம். போன முறை பாசி தின்ற குஞ்சு இதே வயதில் சராசரி எண்ணூறு மைக்ரான் இருந்தது. அது என் நோட்டில், என் கையெழுத்தில் இருந்தது. இந்த முறை அளந்தேன். ஆயிரத்து நூறு.

முதலாளி நோட்டைக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். விற்பனையாளர் என்னை 'மேடம்' என்றார். என் வாழ்நாளில் முதல் மேடம் அது. கடற்கரையில் மற்ற பொரிப்பக முதலாளிகளுக்கெல்லாம் அன்றே ஃபாக்ஸ் போனது. இரண்டு பேர் கார் எடுத்துக்கொண்டு நேரில் வந்து, என்னையும் மைக்ராஸ்கோப்பையும் சேர்த்துப் போட்டோ எடுத்தார்கள். பொட்டு நன்றாகத் தெரியும்படி நின்றேன். அப்பா கம்பெனி பஸ்ஸில் என்ன சொன்னார் என்று கேட்காதீர்கள், அவர் சொன்னபடி பார்த்தால் இறாலைக் கண்டுபிடித்ததே நான்தான்.

நான்காவது நாள் முதலாளி முடிவைச் சொன்னார். மாதக் கடைசியோடு பாசி அறையை மூடுகிறோம். அது பேக்கிங் அறையாகும். ராணி அக்காவும் அந்த இரண்டு பெண்களும் வேறு வேலை பார்த்துக்கொள்ள வேண்டியதுதான்.

இப்படி ஒன்று நடக்கும் என்று எனக்குத் தோன்றவே இல்லை. விற்பனையாளர் முதல் நாளே வாய்விட்டுச் சொன்னதுதான். என் காதில் 'மேடம்' மட்டும்தான் விழுந்திருந்தது. அன்று மத்தியானம் ராணி அக்கா என் மேஜைக்கு வந்தார். கையில் அந்தக் கண்ணாடித் துண்டு.

"இத நீயே வெச்சுக்க. ரூமைக் காலி பண்ணச் சொல்ட்டாங்கோ. அங்க கெடந்தா குப்பைல பூடும்."

"எம் மேல கோவமா அக்கா?" என்றேன்.

"உம் மேல இன்னாத்துக்குக் கோவம்? நீ இருக்கறதத்தானே அளந்து சொன்ன," என்றார். கிண்டலே இல்லாமல் சொன்னார். போய்விட்டார்.

அழுகை வந்தது. வெள்ளைக் கோட்டுப் போட்டுக்கொண்டு அழுவது நன்றாக இருக்காது என்று, வேலை செய்கிற மாதிரி அந்தத் துண்டையே மைக்ராஸ்கோப்பின் அடியில் வைத்துக் கண்ணைக் குழாயில் வைத்தேன். கண்ணீரோடு பார்த்தேன், துடைத்துக்கொண்டு பார்த்தேன். பழக்கதோஷத்தில் கோடுகளை எண்ணினேன். கணக்குப் போட்டேன். தொண்ணூற்று ஐந்து மைக்ரான்.

சீட்டைப் பார்த்தேன். ராணி – 68. மறுபடி எண்ணினேன். தொண்ணூற்று ஐந்து.

தலையில் இருக்கிற முடியாவது எண்ணெய் தடவினால் பெருக்கும் என்று சொல்வார்கள். இது பிடுங்கி, ஒட்டி, சாமி படத்துக்குப் பக்கத்தில் ஒரு மாதம் சும்மா கிடந்த முடி. இது எதைத் தின்று வளர்ந்தது? நிமிர்ந்தேன். கண்ணுக்கு நேரே, பளபளக்கிற குழாயின் நடுவில், காய்ந்து வெடித்த சந்தனப் பொட்டு. மூன்று விரல் உயரம்.

ஒரு விஷயத்தை ஒப்புக்கொள்கிறேன். குழாயைச் சத்தமில்லாமல் கீழே தள்ளிவிட்டு, மழை ஆரம்பித்துவிட்டது, இனி வளர்ச்சி குறையும் என்று நாளைக்கு நோட்டில் எழுதிவிடலாமா என்று கொஞ்ச நேரம் யோசித்தேன். யாருக்கும் தெரியாது. மேடம் மேடமாகவே இருப்பாள். பாசி அறை மட்டும் மூடப்படும். 'நீ இருக்கறதத்தானே அளந்து சொன்ன' என்றது காதிலேயே நின்றது. கண்ணாடித் துண்டை எடுத்துக்கொண்டு முதலாளி அறைக்குப் போனேன்.

உள்ளே விற்பனையாளர் ஆர்டர் காகிதத்தோடு உட்கார்ந்திருந்தார். மேஜைமேல் ஸ்வீட் பாக்ஸ் திறந்திருந்தது. முதலாளி எனக்கு ஒன்றை நீட்டினார். நான் வாங்கவில்லை. பீரோவிலிருக்கிற கண்ணாடி ஸ்கேல் வேண்டும் என்றேன்.

"எதுக்கும்மா? அதான் அளந்தாச்சே."

"நான் அளந்தது தப்பு சார்."

முதலாளியின் கையிலிருந்த பாதுஷா அப்படியே நின்றது. குழாய் மேலேறியிருப்பதைச் சொன்னேன். ஏன் கீழே தள்ளவில்லை என்று கேட்டார். பொட்டைச் சொல்ல வேண்டியதாயிற்று. அவர் நெற்றி நிறையத் திருநீறு பூசுகிறவர். முகம் மாறியது. "அப்ப, பொட்டு வெச்சது தப்புன்றியா?" என்றார்.

"பொட்டு வெச்சது தப்பில்ல சார். அதை அழிக்காம விட்டது என் தப்பு," என்றேன்.

விற்பனையாளர் சிரித்துக்கொண்டே குறுக்கே வந்தார். மைக்ராஸ்கோப்பில் ஒன்றிரண்டு மைக்ரான் கூடக் குறைய இருக்கும், அதற்காக வளர்ச்சி இல்லை என்று ஆகிவிடுமா, மேடம் அநாவசியமாகப் பயப்படுகிறார் என்றார். நான் ராணி அக்காவின் முடியை அவர் முன்னால், ஸ்வீட் பாக்ஸுக்குப் பக்கத்தில் வைத்தேன்.

"இது போன மாசம் அறுபத்தெட்டு. இன்னிக்குத் தொண்ணூத்தஞ்சு. இதுவும் உங்க தீவனம் தின்னுச்சா சார்?"

இந்த ஒரு வரியை நானா பேசினேன் என்று இன்றைக்கும் எனக்கு ஆச்சரியம். என் வாழ்க்கையில் சரியான நேரத்தில் சரியான பதில் வாயில் வந்தது அந்த ஒருமுறைதான். மற்றதெல்லாம் பஸ் இறங்கி வீடு வந்த பிறகுதான் வரும்.

முதலாளி எழுந்து பீரோவைத் திறந்து பட்டுத் துணியை எடுத்தார். மூவரும் என் மேஜைக்கு வந்தோம். சத்தம் கேட்டு ராணி அக்காவும் வாசலில் வந்து நின்றார். ஸ்கேலை அடியில் வைத்துப் பார்த்தேன். என் கோட்டுக்கும் அதன் கோட்டுக்கும் சம்பந்தமே இல்லை. முதலாளியே கைக்குட்டையை நனைத்துப் பொட்டைத் துடைத்தார். துடைத்த விரலைத் தன் நெற்றியில் வைத்துக்கொண்டார். குழாயைப் பழைய இடம்வரை கீழே தள்ளினார். மறுபடி பார்த்தேன். கோட்டுக்குக் கோடு பொருந்தி நின்றது. ராணி அக்காவின் முடி அறுபத்தெட்டுக்கு வந்தது. பிறகு நான்காம் தொட்டிக் குஞ்சுகளை எடுத்து அளந்தோம். எழுநூற்று எண்பத்தேழு.

பாசி தின்ற குஞ்சைவிடப் பதின்மூன்று மைக்ரான் குறைவு. அதாவது ராணி அக்காவின் முடியில் ஐந்தில் ஒரு பங்கு. அந்த வித்தியாசத்தில் பாசி அறை பிழைத்தது. விற்பனையாளர் டையைத் தோளிலிருந்து முன்னால் எடுத்துப் போட்டுக்கொண்டு கிளம்பினார்.

ராணி அக்கா எல்லோரும் போன பிறகு உள்ளே வந்தார். "அப்ப நான் வெச்ச பொட்டே என் ரூமை மூடப் பாத்துதா?" என்றார். ஆமாம் என்றேன். வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார், சிரித்துக்கொண்டே அழுதார். கண்ணாடித் துண்டைத் திருப்பி வாங்கிக்கொண்டு போனார்.

என்னை வேலையை விட்டு எடுக்கவில்லை. அதைவிட மோசமான தண்டனை கிடைத்தது: இரண்டாவது ஃபாக்ஸ். ஆயுத பூஜையன்று குழாய் ஏறிய காரணத்தால் முந்தைய அளவுகள் செல்லாது என்று, என் கையெழுத்தில், என் பெயர் போட்டு, கடற்கரை முழுக்கப் போனது. (முதல் ஃபாக்ஸில் என் பெயர் இல்லை.) அதற்குப் பிறகு எந்தப் பொரிப்பகத்துக்குப் போனாலும், 'உங்க இடத்துல பூசை போட்டா குஞ்சு வளருமாமே' என்பார்கள்.

வீட்டுக்குப் போய் அப்பாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். கம்பெனி பஸ்ஸில் அவர் மானம் போகப் போகிறதே என்றுதான் எனக்குப் பயம். அவர் ஒரே ஒரு கேள்வி கேட்டார். "அவுங்க கண்டுபிடிச்சாங்களா, நீயே போய்ச் சொன்னியா?" நானே என்றேன். மறுநாள் கம்பெனி பஸ்ஸில் முன் சீட்டிலிருந்து பின் சீட்டுவரை இந்தக் கதைதான். அதிலும் 'இதுவும் உங்க தீவனம் தின்னுச்சா சார்' என்கிற இடத்தில் எழுந்து நின்று நடித்துக் காட்டினாராம். எனக்குப் பட்டம் கிடைத்த அன்றுகூட அப்பா அவ்வளவு சந்தோஷப்படவில்லை.

அடுத்த திங்கட்கிழமை முதலாளி என்னைக் கூப்பிட்டுப் பீரோ சாவியைக் கொடுத்தார். அவர் மனைவியின் நகை வேறு இடத்துக்குப் போனது. கண்ணாடி ஸ்கேல் என் பொறுப்பில் வந்தது. வாரா வாரம் திங்கட்கிழமை முதல் வேலை, ஸ்கேலை வைத்து அளவைச் சரிபார்ப்பது. அங்கே இருந்த ஏழு வருஷத்தில் ஒரு திங்கட்கிழமைகூட நான் தவறவிட்டதில்லை. அந்தக் கடற்கரையில் சந்தேகம் வந்தால் மற்ற பொரிப்பகத்துக்காரர்களும் குஞ்சை எங்களிடம்தான் அனுப்பி அளந்தார்கள். கிண்டல் செய்துகொண்டேதான் அனுப்பினார்கள், அது வேறு விஷயம்.

வீட்டில் மட்டும் அந்தப் பொட்டு இன்னும் காயவில்லை. யார் எந்த எண்ணைச் சொன்னாலும், "பூசைக்கு முன்னாலயா, பின்னாலயா?" என்று அப்பா கேட்பார். என் தம்பியின் கணக்கு மார்க்குக்குக் கேட்டார். என்னைப் பெண் பார்க்க வந்த மாப்பிள்ளை, உயரம் ஐந்தடி பத்து என்று சொன்னபோது சபையிலேயே கேட்டுவிட்டார். மாப்பிள்ளைக்கு ஒன்றும் புரியவில்லை. கதையைச் சொன்னதும் கொஞ்சம் யோசித்துவிட்டு, "அப்ப அஞ்சு எட்டுன்னு வெச்சுக்குங்க மாமா," என்றார். அந்த நேர்மைக்காகவே கட்டிக்கொண்டேன்.

ராணி அக்கா இன்னும் பாசி அறையில்தான் இருக்கிறார். நான் இப்போது வேறு ஊரில், வேறு ஆய்வகத்தில், இரண்டு கண்ணாலும் பார்க்கிற நல்ல மைக்ராஸ்கோப்போடு இருக்கிறேன். போன மாதம் அவரிடமிருந்து ஒரு கவர் வந்தது. உள்ளே ஒரு முடி மட்டும், பாதி நரைத்தது. கண்ணாடி ஸ்கேலை வைத்துச் சரிபார்த்துவிட்டு அளந்தேன். ஐம்பத்து மூன்று. வயதானால் முடி மெலியும். இருந்தாலும் எனக்குக் கஷ்டமாக இருந்தது. அறுபது என்று சொன்னால் யாருக்கு என்ன நஷ்டம்? ஆனாலும் போன் போட்டு உள்ளதைத்தான் சொன்னேன்.

"பூசைக்கு முன்னாலயா, பின்னாலயா?" என்றார்.

"முன்னாலதான் அக்கா."

"அப்ப நீ ஒண்ணு பண்ணு டாக்டரு. பூசை முடிச்சுகினு, இன்னொரு தபா அளந்து சொல்லு."